மழையில் இல்லாத சுவர்

நான்காம் மாடி மூலை வீட்டின் மேற்குச் சுவர் மழை பெய்யும்போது இருக்காது. மழை விட்டதும் வந்துவிடும். கட்டடம் எழும்பிய நாளிலிருந்தே அப்படித்தான் என்று கீழ்வீட்டுக்காரர்கள் சொல்கிறார்கள். கட்டியவர் சிமென்டில் கை வைத்ததால் வந்த வினை என்று சொல்பவர்களும் உண்டு. கொத்தனாரைக் கூட்டிவந்து காட்டாமலும் இல்லை. அவர் நல்ல வெயிலில் வந்தார், சுவரை நாலு தட்டுத் தட்டினார், கல்லு மாதிரி இருக்கே, இதுக்கு என்ன குறைச்சல் என்று சொல்லிவிட்டுப் போனார். மழையில் வந்து பாருங்கள் என்றதற்கு, மழையில் எவன் பூச்சு வேலை பார்ப்பான் என்று கேட்டார். அதுவும் நியாயம்தான். குடிவந்தவர்களெல்லாம் ஒரு மழைக்காலம் முடிவதற்குள் சாமான்களைக் கட்டினார்கள். சுவர் போவதுகூட அவர்களுக்குப் பெரிதாகப் படவில்லை. நான்காம் மாடியில் சுவர் போனால் வானம் தெரிய வேண்டும், எதிர்க் கட்டடத்துத் தண்ணீர்த் தொட்டி தெரிய வேண்டும். இங்கே தெரிந்தது முன்பின் அறியாத யாரோ ஒருவருடைய அறை. அதுவும் தரைத்தளத்து அறை. அதன் ஜன்னலில் தெருவில் நடப்பவர்களின் முழங்கால்கள் போய்க்கொண்டிருக்கும்.

அந்த வீட்டில் நிலைத்தவள் கன்ட்ரோல் ரூம்காரி ஒருத்திதான். வெள்ளம், சாக்கடை அடைப்பு, குழாய் உடைப்பு, விழுந்த மரம் எல்லாவற்றுக்கும் நகரத்தில் ஒரே அவசர எண். அதை அழுத்தினால் எடுத்துப் பேசுகிறவர்களில் அவளும் ஒருத்தி. நாற்பதைத் தாண்டியவள், ஒல்லி, குள்ளம், நடையில் மட்டும் யாரும் பிடிக்க முடியாத வேகம். தாலி கட்டியவன் வேலை என்று வேறு ஊருக்குப் போய் அங்கேயே இன்னொரு குடும்பத்தையும் கட்டிக்கொண்டான். அவள் அதற்காக ஊரைக் கூட்டவில்லை, யார் காலிலும் விழவில்லை. ஆனால் சாயங்காலம் வீட்டைத் திறந்தால் காலையில் குடித்து வைத்த டம்ளர் வைத்த இடத்திலேயே இருக்கும். அதுதான் அவளுக்குப் பொறுக்காது. நகர்த்தி வைக்கக்கூட ஓர் ஆள் இல்லையே என்று அந்த டம்ளரைப் பார்த்து ஒருநாள் ஓவென்று அழுதிருக்கிறாள். முதல் மழையில் சுவர் போனபோது அவள் கூச்சல் போடவில்லை. அந்தப் பக்கம் கனத்த உடம்போடு ஒருவர் மேஜை முன் உட்கார்ந்து, ஒரு மோட்டாருக்குச் செம்புக் கம்பி சுற்றிக்கொண்டிருந்தார். அவரும் பதறவில்லை. நிமிர்ந்து பார்த்து, "உங்க பக்கம் கரண்ட் இருக்குங்களா?" என்று கேட்டார். "இருக்குங்க," என்றாள். "குடுத்து வெச்சவங்க," என்று சொல்லிவிட்டு மறுபடி கம்பியில் கையை வைத்தார்.

அப்படி ஆரம்பித்ததுதான். அவர் எரிந்துபோன மோட்டார்களுக்குக் காயில் சுற்றுகிறவர். மிக்ஸி, மின்விசிறி, தண்ணீர் பம்பு எது புகைந்தாலும் அவர் கைக்கு வரும். மனைவி போய்ச் சேர்ந்துவிட்டாள், மகள் கல்யாணமாகிக் கண்காணாத தூரத்தில். மாடிப்படியில் விழுந்து இடுப்பு போனதிலிருந்து எழுந்து நிற்க ஒரு தோளோ ஒரு கம்போ வேண்டும். மழை பிடித்தால் அவர் பேட்டையில் கரண்ட் போய்விடும், சுற்றிய காயிலை ஓட்டிப் பார்க்க முடியாது. ஆக மழை வந்தால் அவருக்கு வேலை இல்லை, அவளுக்குச் சுவர் இல்லை. பிறகென்ன, பேச்சுதான். அவள் அவரைக் காயில்காரரே என்பாள், அவர் அவளை மாடியம்மா என்பார். அவர் பிடித்தது பிடியாகக் கடைசிவரை வாதாடுவார். அவள் கோபத்தில் திரும்பி உட்கார்ந்துகொள்வாள். அதற்குள் மழை விட்டுவிடும். அடுத்த மழைவரை அந்தக் கோபத்தை வைத்துக்கொண்டு அவள் படும் பாடு தனி. வானம் கறுத்தால் ஊரெல்லாம் துணியெடுக்க ஓடும்போது அவள் மட்டும் தலை வாரிக்கொள்வாள் என்று மூன்றாம் மாடியில் ஒரு கேலி உண்டு.

இப்படி வருடங்கள் ஓடின. சுவரின் குணம் அவர்களுக்கு அத்துப்படி ஆனது. மழை வலுத்தால் சுத்தமாக இருக்காது. தூறலாகும்போது புகை மாதிரி லேசாகத் தெரியும், கையை விட்டால் மணல் நெருடும். நின்றால் உடனே கெட்டி. தண்ணீர் பாத்திரத்தில் கொடுத்தால் அந்தப் பக்கம் போகும், இந்தப் பக்கம் வரும். தானாகச் சுவர் நின்ற கோட்டைத் தாண்டாது. அவளுடைய ஸ்டூல் ஒருமுறை பாதி இங்கும் பாதி அங்குமாக இருந்தபோது மழை நின்றது. அன்றிலிருந்து ஆளுக்கு இரண்டு கால். வெட்டு அத்தனை சுத்தம், அறுத்த தச்சனுக்குக் கூலி கொடுக்கலாம் என்று அவர் சொன்னார். ஆனாலும் அதைப் பார்த்த பிறகு இரண்டு பேரும் கோட்டைத் தாண்டி ஆளாகப் போனதில்லை. கை மட்டும் போகும், டீயோடு போய், டம்ளரோடு திரும்பும்.

இன்னொன்றும் இருந்தது. அவர் எங்கே இருக்கிறார் என்று அவளுக்குத் தெரியாது. ஆரம்பத்திலேயே அவர் சொல்ல வாயெடுத்தார், அவள்தான் கையைக் காட்டி நிறுத்தினாள். "வேணாங்க. காலைல உக்காந்தா சாயங்காலம் வரைக்கும் பேர் என்ன, தெரு என்ன, அடையாளம் என்னன்னு கேட்டே வாய் வலிக்குது. வீட்லயும் அதானா?" அவர் சிரித்துவிட்டு ஒப்புக்கொண்டார். சொன்ன காரணம் அது, சொல்லாத காரணமும் ஒன்று உண்டு. முகவரி தெரிந்தால் ஒருநாள் வெயிலில் போய் நிற்பாள். அவர் வாடிக்கையாளர்களோடு இருப்பார், வாங்க என்பார், அப்புறம் என்ன பேசுவது என்று இருவருக்கும் தெரியாமல் போகும். கிடைத்தது மழைக்கு மட்டும் கிடைத்தது, அதுவும் போய்விடக் கூடாதே என்று பயம். ஊரில் எத்தனையோ ஆயிரம் பேரிடம் முகவரி கேட்டவள் இந்த ஒருவரிடம் மட்டும் கேட்கவில்லை.

அவளுடைய வேலையைப் பற்றி ஒரு வார்த்தை. அங்கே அடையாளம் இல்லாவிட்டால் படகு போகாது. மேற்பார்வையாளரின் சட்டம் அது, அதில் தப்பும் சொல்ல முடியாது. ஒரே பெயரில் மூன்று சந்துகள், நான்கு காலனிகள் உள்ள நகரம் இது. தப்பான சந்துக்குப் போன படகு திரும்பி வருவதற்குள் சரியான சந்தில் ஓர் உயிர் போய்விடும். ஆகவே பள்ளிக்கூடமா, ஆஸ்பத்திரியா, பஸ் நிறுத்தமா, சொல்லு; சொல்லத் தெரியவில்லையா, தெரிந்தவரைப் பேசச் சொல்லு. இதைக் கேட்பதற்கென்றே அவளிடம் ஒரு குரல் இருந்தது. இஸ்திரி போட்ட குரல், ஏற்றமும் கிடையாது, இறக்கமும் கிடையாது. அவளுடைய கூடப்பிறந்த அக்காவே ஒருமுறை குழாய் உடைந்ததென்று கூப்பிட்டு, கடைசிவரை தங்கையிடம் பேசுகிறோம் என்று தெரியாமலே வைத்துவிட்டாள். காதில் ஹெட்போனை மாட்டியதும் கன்ட்ரோல் ரூம்காரிக்கு வீடு வாசல் எல்லாம் மறந்துபோகும். அப்படி மறக்கத் தெரியாதவர்கள் அந்த நாற்காலியில் ஒரு வாரம் தாங்கியதில்லை.

அந்த வருஷம் மழை பிடித்தது பாருங்கள், விடவே இல்லை. முதல் இரண்டு நாள் அவளுக்குக் கொண்டாட்டம், ஒளிப்பானேன். சுவர் இல்லாமல் இத்தனை நீளமாக ஒருபோதும் இருந்ததில்லை. அவர் தூங்கும்போது குறட்டை விடுவார் என்பதையே அப்போதுதான் தெரிந்துகொண்டாள். அப்புறம் அவர் வாசற்படியில் தண்ணீர் நின்றது. "இந்தப் பக்கம் வந்துடுங்களேன்," என்றாள். "வந்தா, மழை நின்னதும் உங்க வீட்லயே மாட்டிக்குவேன். கீழ்வீட்டுக்காரங்க என்ன பேசுவாங்க?" என்றார் அவர். அவள் மேலே வற்புறுத்தவில்லை. அவளுக்கும் அந்தப் பேச்சுக்குப் பயம் இருந்தது. மறுநாள் காலை அவள் கிளம்பும்போது அவர் தலையோடு போர்த்திக் கட்டிலில் கிடந்தார், அறைத் தரை ஈரமாக மின்னியது. எழுப்ப வேண்டாம் என்று சத்தமில்லாமல் போய்விட்டாள்.

அன்று கன்ட்ரோல் ரூமில் எல்லா அழைப்பு விளக்குகளும் ஒரே நேரத்தில் எரிந்தன. கூரைமேல் கர்ப்பிணி, லிஃப்டுக்குள் கிழவர், மிதந்துபோன கார், எல்லாரும் கத்தினார்கள், எல்லாரும் மழை நிற்க வேண்டும் என்று அழுதார்கள். நடுவில் ஓர் ஆண்குரல் வந்தது. இருமல், இரைச்சல், பாதி வார்த்தை தண்ணீரில் போனது. ஒரு சந்தின் பெயரைச் சொன்னது. அந்தப் பெயரில் மூன்று சந்துகள். அடையாளம் சொல்லுங்க என்றாள். வாசலில் விளக்குக் கம்பம் சாய்ந்திருக்கும் என்றது குரல். "ஊர்ல எல்லாக் கம்பமும் சாஞ்சுதாங்க இருக்கு. பள்ளிக்கூடம், ஆஸ்பத்திரி எதாவது சொல்லுங்க." குரலுக்கு மூச்சு வாங்கியது. தண்ணி முழங்காலுக்கு வந்துடுச்சும்மா, எந்திரிக்க முடியலை என்றது. "பக்கத்துல இருக்கிறவங்களைப் பேசச் சொல்லுங்க." பக்கத்துல யாருமில்லை என்றது. "அடையாளம் இல்லாம படகு அனுப்ப முடியாதுங்க. விசாரிச்சுட்டுத் திரும்பக் கூப்பிடுங்க." வைத்துவிட்டு அடுத்த விளக்கை அழுத்தினாள்.

மதியத்துக்கு மேல் மேற்பார்வையாளர் நடுக்கூடத்தில் நின்று சொன்னார்: சாயங்காலம் மழை விடும் என்று வானிலைக்காரர்கள் சொல்கிறார்கள், விட்டதும் ஏரி மதகைத் திறக்கப் போகிறார்கள், பள்ளமான பேட்டைகளில் தரைத்தளம் ஒன்றும் மிஞ்சாது. மற்றவர்கள் மழை விடும் என்பதோடு காதை மூடிக்கொண்டார்கள், ஒருத்தி கையைக்கூடத் தட்டினாள். கன்ட்ரோல் ரூம்காரிக்கு முழங்கால்கள் நினைவுக்கு வந்தன, ஜன்னலில் போகிற அந்த முழங்கால்கள். அதைவிடப் பள்ளம் உண்டா? மழை விட்டால் சுவர் வந்துவிடும். சுவர் வந்தபிறகு மதகு திறக்கும். ஊருக்கெல்லாம் படகு அனுப்பும் அவளால் அந்த ஓர் அறைக்கு மட்டும் படகு அனுப்ப முடியாது, ஏனென்றால் அது எங்கே இருக்கிறதென்று கேட்டுக்கொள்ளவில்லை. அட மடச்சி என்று தன் தலையில் தானே அடித்துக்கொண்டாள். வயிற்றுவலி என்று சொல்லி ஹெட்போனைக் கழற்றினாள். பக்கத்து இருக்கைக்காரி, "இந்த நேரத்துலயாடி?" என்று வாயைப் பிளந்தாள். பதில் சொல்ல அவள் அங்கே இல்லை.

பஸ் ஓடவில்லை. இடுப்பளவுத் தண்ணீரில் அவள் நடந்தாள், செருப்பு முதல் திருப்பத்திலேயே போய்விட்டது. மழை சன்னமாகிக்கொண்டே வந்தது. அண்ணாந்து பார்த்தால் மேற்கே மேகத்தில் வெளுப்பு. "பெய்யேன், உனக்கென்ன கேடு, இன்னும் கொஞ்சம் பெய்யேன்," என்று வாய்விட்டே வானத்தைத் திட்டிக்கொண்டு போனாள். மூட்டை முடிச்சோடு எதிரே வந்த ஒரு குடும்பம் அதைக் கேட்டது. குடும்பத் தலைவி நின்று, "வாயில நல்ல வார்த்தையே வராதா உனக்கு?" என்று கத்தினாள். நகரத்தில் அன்று மழையைக் கெஞ்சி அழைத்தவள் அவள் ஒருத்திதான். அந்தப் பாவம் எல்லாம் தன் தலையில் விடியட்டும் என்று நினைத்துக்கொண்டே மாடியேறினாள்.

கதவைச் சாத்தி உள்தாழ் போட்டது பழக்கதோஷம். திரும்பினால் சுவர் இல்லை. அந்தப் பக்கத்து அறை முழுக்கத் தண்ணீர், அவள் இடுப்பு உயரத்துக்கு. கோட்டை ஒட்டி அப்படியே நின்றது, இந்தப் பக்கம் ஒரு சொட்டுக் கசியவில்லை. கட்டில் கண்ணுக்குத் தெரியவில்லை. காயில்காரர் தூரத்துச் சுவரோரம் தன் வேலைமேஜை மேல் கால்களை மடக்கி உட்கார்ந்திருந்தார். உடம்பு காய்ச்சலில் தூக்கித் தூக்கிப் போட்டது. "காலைலயே இங்க வந்து உக்காந்திருக்கக் கூடாதா? வீடுதான் திறந்து கிடந்துச்சே!" என்று அவள் கத்தினாள். "ஆள் இல்லாத வீட்ல எப்படிங்க நுழையறது?" என்றார் அவர். அப்படியும் ஒரு மனிதர்! அப்புறம் பல் கிட்டியபடி சொன்னார்: "போன் பண்ணேன். ஒருத்தி எடுத்தா. சந்து பேரைச் சொன்னேன், கம்பம் சாஞ்சிருக்குன்னு சொன்னேன். அது அடையாளம் இல்லையாம். வெச்சுட்டா. மறுபடி போடறதுக்குள்ள போன் தண்ணில விழுந்துடுச்சு. மனுஷியாங்க அவ? நல்லா இருப்பாளா?" சந்தின் பெயரையும் சொன்னார்.

அவளுக்குக் காது அடைத்தது. அந்த இருமல், அந்த மூச்சு, பக்கத்துல யாருமில்லை என்ற அந்த வார்த்தை எல்லாம் ஒன்றாக வந்து நின்றன. வருஷக்கணக்காகப் பழகிய குரல். அதைத் தெரியாமல் போகும்படி தன் காதில் என்னதான் அடைத்திருந்தது? அவருக்கும் அவள் குரல் தெரியவில்லை, ஆனால் அதற்கு அவரை மன்னிக்கலாம், அவளை முடியாது. வாய்வரை வந்ததை விழுங்கிக்கொண்டாள். இப்போது சொல்லிக்கொண்டிருக்க நேரம் இல்லை என்று தனக்கே ஒரு சாக்குச் சொல்லி, போனை அலமாரியில் வைத்தாள், சேலையை வரிந்து கட்டிக்கொண்டு தண்ணீருக்குள் இறங்கினாள்.

அறையில் நீல நிறப் பிளாஸ்டிக் டிரம் ஒன்று கவிழ்ந்து மிதந்தது. அதைத் தள்ளிக்கொண்டு மேஜைக்குப் போனாள். டிரம்மைக் கட்டிப் பிடித்துக்கொள்ளுங்கள், மற்றதை நான் பார்த்துக்கொள்கிறேன் என்றாள். "உங்களால முடியாது மாடியம்மா, நான் யானை கனம்." "யானையையும் தள்ளுவேன், வாயை மூடிக்கிட்டு இறங்குங்க." இறங்கும்போது இடுப்பு வலியில் அவர் போட்ட சத்தம் அவளை உலுக்கிவிட்டது. தண்ணீரில் ஆள் கனம் தெரியவில்லை என்பதுதான் ஒரே நல்லது. மிதக்கும் மரத்துண்டுகளையும் எண்ணெய் ஜாடிகளையும் முழங்கையால் விலக்கிக்கொண்டு, ஓர் அடி தள்ளுவாள், மூச்சு வாங்குவாள், மறுபடி தள்ளுவாள். தெருவில் மழைச்சத்தம் குறைந்துகொண்டே வந்தது. நடு அறைக்கு வந்தபோது முன்னால் காற்றில் ஒரு காலண்டர் தொங்கியது. அவள் வீட்டுச் சுவரில் மாட்டியிருந்த காலண்டர்தான், பின்பக்கம் தெரிந்தது. சுவர் வருமுன்னே அது வந்துவிட்டது. அதைப் பார்த்ததும் அவள் மூச்சு வாங்க நிற்காமல் தள்ளினாள்.

கோட்டை எட்டியபோது வெறும் தூறல். சுவர் புகை மாதிரி நின்றது. அவரைத் தலைமுதலாக அதற்குள் செலுத்தினாள். அந்தப் பக்கம் தண்ணீர் இல்லையே, அதனால் இடுப்புவரை போனதும் அவர் தொப்பென்று அவள் வீட்டுத் தரையில் கவிழ்ந்தார். சட்டையெல்லாம் சுண்ணாம்பு. டிரம் இந்தப் பக்கமே நின்றுவிட்டது. கால்கள் இரண்டும் இன்னும் கோட்டில் கிடந்தன, அவரால் இழுத்துக்கொள்ள முடியவில்லை. அவள் அந்தக் கால்களைத் தாண்டி முதலில் ஏறியிருக்கலாம். ஏறி நின்று இழுத்திருக்கலாம். இழுப்பதற்குள் மழை நின்றால் ஸ்டூலுக்கு ஆனது அவர் கால்களுக்கு ஆகும். அவள் கால்களைப் பிடித்துத் தூக்கினாள், உள்ளே தள்ளினாள், மணல் அவள் கைகளை உராய்ந்தது.

"போன் அலமாரில இருக்கு. அந்த அவசர நம்பரையே போடுங்க, பூட்டி இருந்தாலும் போகும். அடையாளம் கேப்பாங்க, விடாதீங்க." அவர் கை ஊன்றித் திரும்பப் பார்த்தார். புகைக்குள் அவர் முகம் கலங்கித் தெரிந்தது. அவள் சொல்லிவிட்டாள்: "காலைல உங்ககிட்டப் பேசினவ நான்தாங்க." ஏன் அப்போது சொன்னாள்? அவளுக்கே தெரியாது. சொல்லாமல் சாக மனசு ஒப்பவில்லை, அவ்வளவுதான். அவர் வாய் திறந்ததா, முகம் எப்படி ஆனது, ஒன்றும் பார்க்கக் கிடைக்கவில்லை. மழை நின்றது. அவள் கையை வெடுக்கென்று இழுத்துக்கொண்டாள். எதிரே கெட்டிச் சுவர், அதில் ஈரக்கறை.

ஜன்னலில் மஞ்சள் வெயில் அடித்தது. எங்கோ மாடிகளில் சனங்கள் கைதட்டி ஆரவாரம் செய்தார்கள். மழை விட்டது, ஊர் பிழைத்தது. அவள் கதவை இழுத்துப் பார்த்தாள், தண்ணீர் அதை அறைந்து வைத்திருந்தது. ஜன்னலில் தடித்த கம்பிகள். கத்திப் பார்த்தாள், ஆரவாரத்தில் அது யாருக்குக் கேட்கும். வேலைமேஜை மேல் ஏறி, அவர் உட்கார்ந்த இடத்தில், அவர் உட்கார்ந்த மாதிரியே காலை மடக்கிக்கொண்டு உட்கார்ந்தாள். காலையில் அவர் இங்கிருந்துதான் பேசியிருக்கிறார் என்று தெரிந்தது. சுற்றிலும் கறுப்புத் தண்ணீர், சுவரில் மாட்டிய செம்புக் கம்பிச் சுருள்கள், யாருமில்லை. பக்கத்துல இருக்கிறவங்களைப் பேசச் சொல்லுங்க என்று அவள் சொன்னது இந்த அறைக்கு.

மதகு திறந்ததை யாரும் சொல்ல வேண்டியிருக்கவில்லை. தண்ணீர் ஒரு குலுங்கு குலுங்கி மேஜைமேல் ஏறியது. அவள் எழுந்து நின்றாள். அவர் கூப்பிடுவாரா? அவள் தன்னையே கேட்டுக்கொண்டாள், பொய் சொல்லாமல் பதில் தேடினாள். தன்னைச் சாகவிட்டவள் என்று தெரிந்த பிறகு, தான் அந்த இடத்தில் இருந்தால் போனை எடுப்போமா? எடுப்போம் என்று சொல்ல ஆசையாகத்தான் இருந்தது. அப்படியே அவர் மனசு வைத்தாலும் அலமாரிவரை எழுந்து நிற்க அவருக்கு ஒரு தோள் வேண்டுமே, அந்த வீட்டில் தோளுக்கு எங்கே போவார்? காய்ச்சலில் மயங்கிக் கிடந்தால்? கூப்பிட்டாலும் அங்கே எடுக்கப்போவது இன்னொரு இஸ்திரிக் குரல். இடுப்பைத் தாண்டியது, மார்பைத் தாண்டியது. பரணில் ஒரு கையால் தொங்கிக்கொண்டு மழையைக் கூப்பிட்டாள். ஒரு தூறல் போதும், சுவர் போனால் போதும். வானம் கழுவிவிட்டது போல் நீலமாக இருந்தது. அவள் சத்தம் போட்டு அழுதாள். வெட்கப்பட அங்கே யார் இருந்தார்கள்?

தண்ணீர் கழுத்துக்கு வந்தபோது ஜன்னலின் மேல் ஓரத்தில் ஒரு துடுப்பு தெரிந்தது. "உள்ள யாரு?" என்று ஒரு தொண்டை கேட்டது. இருக்கேன், இருக்கேன் என்று அவள் போட்ட கூச்சலில் வாய்க்குள் சேற்றுத்தண்ணீர் போனது. கடப்பாரையால் கம்பிகளை நெம்பி, தலைமுடியைப் பிடித்தா கையைப் பிடித்தா என்று தெரியாமல் வெளியே இழுத்துப் போட்டார்கள். படகில் ஏற்கெனவே ஒரு வயதான தம்பதி போர்வைக்குள் நடுங்கிக்கொண்டிருந்தார்கள். படகோட்டி வாயோயாமல் பேசுகிறவர். "யாரும்மா அந்த ஆளு? கன்ட்ரோல் ரூமையே ஒரு வழி பண்ணிட்டாராம். வெச்சா திரும்ப, வெச்சா திரும்ப. அடையாளம் சொல்லுய்யான்னா, அங்க ஒரு மனுஷி இருக்கா, அதான் அடையாளம்னு ஒரே பிடிவாதம். அந்த அடையாளத்தை வெச்சு எப்படிம்மா தேடறது? மூணு சந்துலயும் வீடு வீடாத் தட்டச் சொல்லிட்டாங்க. ரெண்டாவது சந்துலதான் இவங்க கிடைச்சாங்க. மூணாவது நீங்க." அந்தத் தம்பதி போன் பண்ணவே இல்லை, போன் அவர்களிடம் இல்லை. கன்ட்ரோல் ரூம்காரி அவர்களைப் பார்த்தாள், அப்புறம் போர்வைக்குள் முகத்தைப் புதைத்துக்கொண்டாள். சாய்ந்த விளக்குக் கம்பம் ஒன்று படகின் பக்கமாகப் போனதை அவள் பார்க்கவில்லை.

இரவு ஒரு பள்ளிக்கூடத்தில் எல்லாரோடும் படுக்க வைத்தார்கள். விடிந்ததும் வெறுங்காலோடு கிளம்பிவிட்டாள். கட்டட வாசலில் சங்கச் செயலாளர் நாற்காலி போட்டு உட்கார்ந்திருந்தார். நேற்று அவள் மாடியேறிப் போனதைக் கண்ணால் பார்த்தவர். இறங்கிப் போனதைப் பார்க்கவில்லை. "எப்பம்மா வெளிய போனே?" "மேற்குச் சுவர் வழியாப் போனேன் சார்." "ஓகோ. உள்ள ஓர் ஆள் நடமாடற சத்தம் கேட்டுதேன்னு பார்த்தேன்." "அவரும் அந்த வழியா வந்தவர்தான்." செயலாளர் யோசித்துவிட்டு, இந்த மாதத் தண்ணீர்க் கணக்கில் ஓர் ஆளைச் சேர்க்க வேண்டியிருக்கும் என்றார். சேருங்கள் என்றாள். படியேற ஏற அவள் வேகம் குறைந்தது. கதவு உள்தாழ் போட்டிருந்தது. சொந்த வீட்டுக் கதவை அவள் தட்டினாள். உள்ளே ஏதோ ஒன்றைத் தரையில் ஊன்றி ஊன்றி யாரோ மெதுவாக வருவது கேட்டது. அவள் குடிவந்ததிலிருந்து அந்தக் கதவை உள்ளிருந்து இன்னொருவர் திறந்தது கிடையாது.

தாழ் விலகியது. அவருடைய வேட்டி காயப் போடப்பட்டிருந்தது, அவள் போர்வையைச் சுற்றிக்கொண்டு துடைப்பத்தை ஊன்றி நின்றார். கண் இரண்டும் சிவந்திருந்தன. அவளைத் தலையிலிருந்து கால்வரை பார்த்தார், உயிரோடுதான் இருக்கிறாளா என்று பார்க்கிற பார்வை. அவள் ஏதோ சொல்லத் தொடங்கினாள். அவர் கையைக் காட்டி நிறுத்தினார். "அதைப் பத்தி நான் பேசத்தான் போறேன். நல்லாப் பேசுவேன், நீங்க கேட்டுத்தான் ஆகணும். இப்ப இல்ல." அவள் பாதத்துச் சேற்றைப் பார்த்து, "காலைக் கழுவிட்டு வாங்க. இப்பத்தான் தரையைத் துடைச்சேன்," என்றார்.

அவள் போய்க் காலைக் கழுவினாள். அவர் அடுப்பைப் பற்றவைத்து டீக்குத் தண்ணீர் வைத்தார். டம்ளரைத் தேடியபோது அது வழக்கமான இடத்தில் இல்லை, எங்கே வைத்தார் என்று அவருக்கும் நினைவில்லை, இருவருமாகத் தேடினார்கள். அதற்குள் வெளியே ஒரு மழை பிடித்துக்கொண்டது, மேற்குச் சுவர் போனது. அந்தப் பக்கத்து அறையில் தண்ணீர் வடிந்து, சேறும் கவிழ்ந்த சாமான்களுமாகக் கிடந்தது. இரண்டு பேரும் ஒரு நிமிடம் பார்த்தார்கள். "நாத்தம் வருது," என்றார் அவர். அவள் ஒரு கட்டில் விரிப்பை எடுத்து அந்த இடத்தில் குறுக்கே கட்டினாள்.